நல்லாச் செத்தனீங்கள், இன்னொருக்கா!

காதல் படம், துப்பறியும் படம், பேய்ப் படம், குடும்பப் படம் என்று நாலு வகையிலும் கைவைத்த இயக்குநர்கள் உலகத்தில் நிறையப் பேர் இருக்கலாம். நாலையும் ஒரே படத்துக்குள் எடுத்து முடித்த ஆள் ஒருவர்தான். அவர் கொழும்பு வெள்ளவத்தையில், எங்கள் பிளாட்டின் மேல்மாடியில், கடல் பக்க வீட்டில் இருக்கிறார். வேண்டுமானால் இதை எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தருவேன்.

அவருக்குத் தாய் தகப்பன் வைத்த பெயர் ஒன்று உண்டு. கரண்ட் பில்லில் பார்த்திருக்கிறேன். ஆனால் காலி வீதியில் நின்று அந்தப் பெயரைச் சொல்லி விசாரித்தால் ஒருவரும் வாய் திறக்கமாட்டார்கள். "இன்னொருக்கா அண்ணை எங்க இருக்கிறார்?" என்று கேட்டுப் பாருங்கள். மரக்கறிக்காரர், சலூன்காரர், ஓட்டோக்காரர் எல்லாரும் ஒரே பக்கம் கையைக் காட்டுவார்கள்.

எந்த நல்ல காரியத்தையும் அவர் முதல் தரத்திலேயே ஏற்றுக்கொண்டதாகச் சரித்திரம் இல்லை. அதற்காக ஆள் குறைசொல்லி என்று நினைத்துவிடாதீர்கள். முதலில் மனம் நிறையப் பாராட்டுவார். பாராட்டிவிட்டுத்தான் திரும்பச் செய்யச் சொல்வார். சாப்பாட்டுக் கடையில் பால் விடாத பிளேன்ரீ வந்தால் ஒரு வாய் குடித்து, கண்ணை மூடி, "அருமை தம்பி, அருமை. இன்னொருக்கா ஊத்துமன், எப்பன் சாயம் கூட" என்பார். களனி ஆற்றங்கரையில் விவரணப்படம் எடுக்கப் போனபோது, ஒரு பெரிய கபரகொயா, அதுதான் முதலைக்குச் சொந்தக்காரன் மாதிரி இருக்குமே, அந்த உடும்பு, தண்ணீரைவிட்டு ஏறிக் கரையைக் கடந்து பற்றைக்குள் போனதாம். இவர் கமராவிலிருந்து கண்ணை எடுக்காமலே, "நல்லாயிருந்தது. இன்னொருக்கா" என்றாராம். அது நின்று, திரும்பி, வந்த வழியே போனதாம். இதை அவரே சொன்னார். நம்புவதும் விடுவதும் உங்கள் பாடு. நான் நம்புகிறேன்.

பிழைப்புக்காக அவர் செய்யாத வேலை இல்லை. புடைவைக் கடை விளம்பரம், பூப்புச் சடங்கு நடக்கும் சாமத்திய வீடு, தேர்த் திருவிழா, பல் வைத்தியரின் யூடியூப் உபதேசம் எல்லாம் எடுத்திருக்கிறார். கல்யாண வீடியோவும் எடுத்தார், கொட்டாஞ்சேனையில் அந்த ஒரு கல்யாணம் நடக்கும் வரைக்கும்.

அன்றைக்கு முகூர்த்தம் வந்தது. கெட்டிமேளம் முழங்கியது. மாப்பிள்ளை தாலியைக் கட்டினார். அரிசியும் பூவும் பறந்தன. அந்த நேரம் பார்த்து ஐயரின் முழங்கை கமராவுக்குக் குறுக்கே வந்துவிட்டது. மேளம் ஓய்ந்த அந்த ஒரு நொடி அமைதியில், மண்டபம் முழுக்கக் கேட்கும்படி ஒரு குரல்:

"நல்லாயிருந்தது மாப்பிள்ளை! இன்னொருக்கா!"

மாப்பிள்ளை வங்கியில் வேலை பார்ப்பவர். மேலிடம் சொன்னால் ஏன் என்று கேட்டுப் பழக்கமில்லாத மனிசன். அவர் பாவம், பெண்ணின் கழுத்துக்குப் பின்னால் கையைக் கொண்டுபோய் முடிச்சை அவிழ்க்கத் தொடங்கிவிட்டார். பெண்ணின் தாய் "ஐயோ" என்று கதிரையில் சாய்ந்தா. ஐயர் மாப்பிள்ளையின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, "தம்பி, இது கலியாணம். ரிகர்சல் இல்லை!" என்று கத்தினார். அதோடு கொழும்பில் எந்த மண்டபத்திலும் இன்னொருக்கா அண்ணையின் கமரா நுழையவில்லை.

அந்தத் தம்பதி இன்றைக்கும் கொட்டாஞ்சேனையில் சந்தோசமாக இருக்கிறது. பெண்ணைப் பிறகொரு நாள் சந்தையில் கண்டேன். "ஆரோ ஒரு கமராக்காரன் சொன்னதுக்கே அவிழ்க்க வெளிக்கிட்ட மனிசன். நான் சொன்னாக் கேக்காமலோ இருப்பார்?" என்று சிரித்தா.

கல்யாண வீடியோ வேலை போனது நல்லதுக்குத்தான். அதன் பிறகுதான் அவர் முழுநேரமும் சொந்தப் படம் எடுக்கத் தொடங்கினார். கதை, வசனம், ஒளி, ஒலி, எடிட்டிங், போஸ்டர் ஒட்டுவது எல்லாம் அவரே. முகத்துக்கு வெளிச்சம் அடிக்க ரெஜிபோம் பலகை, அந்த வெள்ளைத் தெர்மோகோல், வேண்டும் என்று பேலியகொடை மீன் சந்தையிலிருந்து மீன்பெட்டி மூடிகள் கொண்டு வந்தார். ஆகவே அவர் படங்களில் எல்லாருடைய முகமும் நிலாப் போல இருக்கும். மூக்கு மட்டும் கொஞ்சம் சுருங்கியிருக்கும்.

ஒலிதான் பெரிய தலையிடி. எங்கள் ஒழுங்கை காலி வீதியில் தொடங்கிக் கடலில் போய் முடிகிறது. கடலுக்கு முன்னால் தண்டவாளம். யாராவது நாக்கில் வசனம் ஏறி நல்லாக் கதைக்கத் தொடங்கினால் ரயில் வந்துவிடும். கத்தினார், காத்திருந்தார், ரயில் நேரங்களைப் பாடமாக்கினார். ரயிலுக்கே அந்த நேரங்கள் பாடமில்லை என்று பிறகுதான் விளங்கியது. கடைசியில் ஒரு சட்டம் போட்டார்: ரயில் சத்தம் கேட்டால் எந்த வசனத்தின் நடுவிலும் நிற்க வேண்டும். கை தூக்கியிருந்தால் தூக்கியபடி. ரயில் போன பிறகு விட்ட இடத்திலிருந்து தொடர வேண்டும். ரயில் சத்தத்தை மட்டும் எடிட்டிங்கில் எடுத்துவிடுவார், நாங்கள் நிற்பது படத்தில் அப்படியே இருக்கும். எங்கள் எல்லாருக்கும் அது பழகிவிட்டது. எனக்கு இப்போதும் அலுவலகத்தில் ரயில் சத்தம் கேட்டால் கரண்டி வாயருகே நின்றுவிடும்.

ஐரோப்பாவில் ஏதோ ஒரு விழாவுக்கு அவருடைய குறும்படம் ஒன்று போனது. அங்கே நடுவர்கள், "வாயெடுத்துச் சொல்ல முடியாத ஒரு சமூகத்தின் வலி அந்த மௌனங்களில் உறைந்திருக்கிறது" என்று எழுதிப் பரிசு கொடுத்தார்கள். அண்ணை அந்தக் கடதாசியை என்னிடம் காட்டி, "தங்கச்சி, இது மாத்தறைக்குப் போற ரெயின். உவையளுக்கு நான் என்னெண்டு சொல்லுறது?" என்றார்.

"சொல்லாதேங்கோ அண்ணை."

"சொல்லாட்டிப் பொய் எல்லோ?"

உட்கார்ந்து கடிதம் எழுதிப் போட்டும்விட்டார். அவர்கள் பரிசைத் திருப்பிக் கேட்கவில்லை. அவருடைய நகைச்சுவை உணர்வையும் பாராட்டிப் பதில் போட்டார்கள்.

இனி அந்த நாலு வகைப் படத்துக்கு வருகிறேன்.

வெள்ளவத்தையில் நடிகர்களுக்குப் பஞ்சமே கிடையாது. விசாவுக்குக் காத்திருக்கும் சனம் பிளாட்டுக்குப் பிளாட் நிறைந்திருக்கிறது. அவர்களுக்குக் காலையில் ஃபோனைப் பார்ப்பதையும் மாலையில் கடற்கரையில் நடப்பதையும் தவிர வேறு வேலை இல்லை. கூப்பிட்டால் சந்தோசமாக வந்து நடிப்பார்கள். ஒரே ஒரு கரைச்சல்தான். விசா வந்தால் போய்விடுவார்கள். அதனால் இன்னொருக்கா அண்ணை அதுவரை எடுத்த எந்தப் படத்துக்கும் முடிவு இருந்ததில்லை. ஆள் குறைந்த இடத்தில் படம் நின்றுவிடும், பரிசு வாங்கிய அந்தக் குறும்படம் உட்பட. "முடிவே இல்லாத டிரைக்டர்" என்று ஒழுங்கையில் பகிடி பண்ணுவார்கள். அவரும் சிரிப்பார். ஆனால் அந்தச் சிரிப்பு அவர் கண் வரைக்கும் போகாது. ஒரு முறை மொட்டைமாடியில் உடுப்புக் காயப்போட்டுக்கொண்டு நின்றவர், கேட்காமலே என்னிடம் சொன்னார்:

"தங்கச்சி, எனக்குப் பெயர் வேண்டாம், பரிசு வேண்டாம். 'முற்றும்' எண்டு ஒருக்காப் போட வேணும். ஒரே ஒருக்கா."

அந்த ஆசையோடு தொடங்கியதுதான் 'கௌசிக்காக'. காதல் படம். கௌசியாக நடித்தவள் அமைதியான பிள்ளை, அழகாக வெட்கப்படுவாள். பாதிப் படம் முடிய அவளுக்குக் கனடா விசா வந்துவிட்டது. வேறு ஆளாயிருந்தால் தலையில் கைவைத்துக் குந்தியிருப்பார். இவர் இரண்டு நாள் கடலைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு வந்து, போஸ்டரில் தலைப்பை மாற்றினார்: 'கௌசி எங்கே?' காதல் படம் துப்பறியும் படமாகிவிட்டது. காதலன் இப்போது காணாமல்போன கௌசியைத் தேடுகிறான்.

தேடினால் வில்லன் வேண்டுமே. கொட்டாஞ்சேனையில் ஹாட்வெயார் கடை வைத்திருக்கும் முஸ்லிம் அண்ணை ஒருவர், எல்லாருக்கும் அவர் நானா, சம்மதித்தார். நல்ல உயரம், நல்ல மீசை. ஆனால் ஒரு நிபந்தனை.

"நான் அடிக்கிறன் தம்பி, எவ்வளவு வேணுண்டாலும் அடிக்கிறன். ஆனா அடி வாங்க ஏலா. கடப் பொடியனுகள் பாத்தா நாளக்கி என்ன மதிக்க மாட்டானுகள்."

"அப்ப ஹீரோ தோக்கட்டும்" என்றார் அண்ணை, யோசிக்காமலே.

சண்டையைப் பேலியகொடை மீன் சந்தையில், விடிந்தும் விடியாத நேரத்தில், மீன் வந்து இறங்கும் சந்தடிக்குள் எடுத்தார். அனுமதி பற்றியெல்லாம் கேட்கக் கூடாது. நானா ஹீரோவின் சேட்டுக் கொலரைப் பிடித்து ஐஸ் பெட்டிமேல் தள்ளியதைக் கண்ட மீன்காரர்கள் உண்மைச் சண்டை என்று பாய்ந்து வந்து நானாவைத் தூக்கிக்கொண்டு போனார்கள். ஒருவர் கையில் பெரிய கெலவல்லா மீன். "ஐயோ, நான் நடிக்கிற! நடிக்கிற!" என்று நானா காற்றில் கால் உதைத்தார். அண்ணையின் குரல் அதற்கு மேலால் கேட்டது, சிங்களத்தில்: "போம ஹொந்தாய்! தவ செரயக்!" மிக நன்று, இன்னொருக்கா.

அவர்களுக்கு விசயம் விளங்கியதும் வந்த உற்சாகத்தைச் சொல்லி முடியாது. இரண்டாம் தரம் நானாவை இன்னும் உயரத் தூக்கினார்கள். அடி வாங்கவில்லை என்பதால் நானாவுக்கும் திருப்தி. இன்றைக்கும் அண்ணை அந்தப் பக்கம் போனால், "ஆ, தவ செரயக் மாத்தயா!", அதாவது இன்னொருக்கா ஐயா, என்று நாலு பக்கமும் குரல் எழும். மீன்பெட்டி மூடி வேண்டிய அளவு கிடைக்கும்.

அடுத்து ஹீரோவுக்கு லண்டன் விசா வந்தது.

தேடுகிற ஆளும் போய்விட்டால் யார் கௌசியைத் தேடுவது? அண்ணை மறுபடி கடலைப் பார்த்தார். 'கௌசி வருகிறாள்' என்று தலைப்பு மாறியது. யாரும் தேடாததால் கௌசி தானே வருகிறாள், பேயாக. அது நாடு முழுக்கக் கரண்ட் வெட்டிய காலம். எல்லாரும் அரசாங்கத்தைத் திட்டிக்கொண்டு மெழுகுதிரி தேட, இவர் மட்டும், "இந்த இருட்டுக்கு எத்தினை லைட் வச்சாலும் வராது தங்கச்சி" என்று குழந்தை மாதிரிச் சந்தோசப்பட்டார்.

பேயாக வருவதற்கு முன் கௌசி சாக வேண்டும். கௌசியோ கனடாவில். அங்கேதான் நான் திரையுலகில் காலடி வைத்தேன். "தலைமயிரை முகத்தில போட்டா எல்லாப் பொம்பிளையளும் கௌசிதான்" என்று சொல்லி என்னை வெள்ளவத்தைக் கடற்கரைக் கல்லுகளுக்கு நடுவே மல்லாக்கப் படுக்கவைத்தார். சனிக்கிழமை பின்னேரம். மூச்சு விடாமல் கிடந்தேன். ஒரு நண்டு என் காலில் ஏறி, இடம் பிடிக்காமல் இறங்கிப் போனது. அசையவில்லை. இதைவிட ஒருத்தி எப்படிச் சாவாள்?

"தங்கச்சி, நல்லாச் செத்தனீங்கள்" என்றார் அண்ணை. "இன்னொருக்கா சாகுங்கோ."

நான் செத்துக்கொண்டேயிருந்தேன். அதற்கிடையில் மொரட்டுவைப் பக்கம் போகும் ரயிலில் என்னோடு கொள்ளுப்பிட்டியில் வேலை செய்யும் பெண் ஒருத்தி யன்னல் ஓரம் இருந்து, நான் வேலைக்குப் போடும் சட்டையை வைத்து என்னை அடையாளம் கண்டிருக்கிறாள். திங்கட்கிழமை நான் அலுவலகத்துக்குள் நுழைய அவள் போட்ட கத்தலில் மனேஜர் அறையைவிட்டு வெளியே வந்தார். வாசலில் துக்கத்துக்கு வெள்ளைக் கொடி கட்டுவதா, உறுதிப்படுத்திய பிறகு கட்டுவதா என்று வாட்ஸ்அப் குழுவில் சனி ஞாயிறு முழுக்கக் கதை ஓடியிருக்கிறது. குழுவில் நானும் இருந்தேன், ஆனால் ஃபோனைப் பார்க்கவில்லை. ஒருவர் மட்டும், "ஆளுக்கே மெசேஜ் போட்டுக் கேட்டால் என்ன?" என்று எழுதியிருந்தார். அவர்தான் இப்போது எங்கள் மனேஜர்.

இப்படி ஒவ்வொருவராகக் கழன்று போக, படத்தில் முதலாம் காட்சியிலிருந்து மிஞ்சியிருந்தது ஒரே ஒருவர்: கௌசியின் அம்மாவாக நடித்த ரீச்சர்.

ரீச்சர் எங்கள் பிளாட்டின் இரண்டாம் மாடி. கணக்குப் படிப்பித்து ஓய்வு பெற்றவா. ஒரே மகள் ரொறொன்ரோவில். அந்த மகளிடம் போவதற்குத்தான் அவாவும் விசாவுக்குக் காத்திருந்தா. படத்தில் அவாவுக்கு முதலில் இருந்தது காதலனுக்குத் தேநீர் கொடுக்கிற ஒரு வேடம்தான். அதை எடுத்த அன்றே இன்னொருக்கா அண்ணையின் வாழ்க்கையில் நடக்காதது நடந்தது.

"நல்லாயிருந்தது ரீச்சர். இன்னொருக்கா."

ரீச்சர் தட்டை மேசையில் வைத்தா. "ஏன்? பிழை என்ன?"

"பிழை இல்லை ரீச்சர். சும்மா இன்னொரு..."

"பிழை இல்லாத கணக்கை ஏன் தம்பி திரும்பச் செய்யிறீர்? வகுப்பில நான் எதையும் ஒருக்காத்தான் சொன்னனான். பிள்ளையள் படிச்சதுகள்தானே. அடுத்தது என்ன?"

அண்ணை அடுத்த காட்சிக்குப் போனார். அன்று முதல் ரீச்சருக்கு மட்டும் ஒரு தரம். நாங்கள் வெயிலில் வெந்து பத்துத் தரம் செய்ய, ரீச்சர் வருவா, ஒரு தரம் செய்வா, விசிறிக்குக் கீழே போய் இருந்துவிடுவா.

எல்லாரும் போன பிறகு படம் 'கௌசியின் அம்மா' ஆகியது. மகள் போய்விட்ட வீட்டில் தனியே இருக்கும் ஒரு தாய். அண்ணை அதற்கு முடிவும் எழுதிவிட்டார். தாய் மகளைத் தேடிப் புறப்படுகிறாள். வெறும் வீட்டைப் பூட்டுகிறாள். நடைபாதையில் நடந்து போகிறாள். படியடியில் நின்று, பூட்டிய கதவைத் திரும்பிப் பார்க்கிறாள். முற்றும்.

எழுதியதை ரீச்சரிடம் வாசித்துக் காட்டினார். நானும் இருந்தேன்.

"பூட்டின கதவை ஏன் திரும்பிப் பாக்க வேணும்?" என்று கேட்டா ரீச்சர். "பூட்டினது பூட்டினதுதானே. சந்தேகமெண்டா கைப்பிடியை ஒருக்கா இழுத்துப் பாக்கலாம்."

"அது சந்தேகம் இல்லை ரீச்சர். ஒரு ஏக்கம்."

"ஏக்கம் உள்ளவள் ஏன் பூட்டினவள்?"

இந்தச் சண்டை மாதக்கணக்காக நடந்தது. லிப்டில் நடந்தது, மரக்கறிக் கடையில் நடந்தது, ஒரு தரம் செத்தவீட்டிலும் நடந்தது. "அந்தத் திரும்பிப் பாக்கிறதுக்காகத்தான் ரீச்சர் இவ்வளவு படமும்" என்று அவர் கெஞ்சுவார். "அப்ப முழுப்படமும் பிழை" என்பா அவா. மற்றது, வெறும் வீடு வேண்டுமென்றால் அலுமாரியையும் கட்டிலையும் வெளியே தூக்க வேண்டுமே. ரீச்சர் ஒரேயடியாக மறுத்துவிட்டா. "என்ர அலுமாரியில ஒருத்தரும் கைவைக்கப்படாது. நான் போற அண்டைக்கு வீடு வெறுமையாத்தான் இருக்கும். அண்டைக்கு வந்து எடும்."

ஆக, முடிவு இருந்தது. ஆனால் அதை ரீச்சர் நிசமாகவே புறப்படும் நாளில், ஒரே ஒரு தரத்தில்தான் எடுக்கலாம். அதற்குள் மற்றக் காட்சிகளை முடிக்க வேண்டும். வெள்ளிக்கிழமைகளில் ரீச்சர் பிள்ளையார் கோயிலுக்குப் போய் விசா கெதியாய் வர வேண்டும் என்று தேங்காய் அடிப்பா. அவா திரும்பியதும் அண்ணை போய், எப்பன் பிந்தி வரட்டும் என்று இன்னொரு தேங்காய் அடிப்பார். ஒரு நாள் இருவரும் வாசலில் முட்டிக்கொண்டார்கள்.

"உமக்கு என்ன தம்பி நேர்த்திக்கடன்?"

"உங்கட சுகத்துக்குத்தான் ரீச்சர்."

"எனக்கு என்ன குறை? உம்மட முகத்தைப் பாத்தா நீர்தான் ஏதோ களவு செய்தவர் மாதிரி நிக்கிறீர்."

பிள்ளையார் இருவருக்கும் நியாயமாக நடந்தார். மற்றக் காட்சிகள் முடிந்து சரியாய் ஒரு கிழமை ஆகவில்லை, ரீச்சருக்கு விசா வந்தது.

புறப்படும் நாள் காலை, நல்ல வெயில். அலுமாரி, கட்டில், சாமிப்படம் எல்லாம் முதல் நாளே போய்விட்டன. வீடு வெறுமையாக இருந்தது. ரீச்சர் மண்ணிறச் சேலையும் கன்வஸ் சப்பாத்தும் கைப்பையுமாக நின்றா. கீழே வான். நான் மீன்பெட்டி மூடியைப் பிடித்துக்கொண்டு நடைபாதையில் நின்றேன். அண்ணை கமராவைத் தோளில் வைத்திருந்தார். முடிவே இல்லாத மனிதருக்கு முடிவு ஒன்று கிடைக்கப்போகிறது, அதுவும் ஒரே தரத்தில்.

"ரீச்சர், அந்தத் திரும்பிப் பாக்கிறது..."

"மாட்டன் எண்டு சொன்னனான் தம்பி. எடும்."

ரீச்சர் வெளியே வந்தா. கதவைச் சாத்தினா. சாவியைப் போட்டா. அந்த நேரம் பார்த்து ரயில் வந்தது.

ஆனால் ரீச்சர் பழகிய ஆள் அல்லவா? சாவியில் வைத்த கையோடு அப்படியே நின்றா. ரயில் வந்தது, முழு ஒழுங்கையையும் அதிரவைத்தது, போனது. சத்தம் முழுதும் அடங்கி, கடல் திரும்பக் கேட்கும் வரைக்கும் அவா அந்தக் கதவைப் பார்த்துக்கொண்டு, சாவியைத் திருப்பாமல் நின்றா. பிறகு திருப்பினா. கைப்பிடியை ஒருக்கா இழுத்துப் பார்த்தா. நேரே நடந்து படியடிக்குப் போனா. திரும்பிப் பார்க்கவில்லை.

நான் அந்தச் சொல்லுக்குக் காத்திருந்தேன். அண்ணை சொல்லவில்லை. வாழ்க்கையில் முதல் தரமாகச் சொல்லவில்லை. "காணும் ரீச்சர். முடிஞ்சுது" என்று மெல்லச் சொன்னார். கமராவை நிறுத்தினார். லென்சுக்கு மூடியைப் போட்டார்.

அப்போதுதான் ரீச்சர் திரும்பினா. படியில் ஒரு கால் வைத்தபடி, அந்தக் கதவைப் பார்த்தா. கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு திரும்பவும் பார்த்தா.

"தம்பி," என்றா, "அவ்வளவு சரியா வரேல்லை போல கிடக்கு. இன்னொருக்கா செய்வமோ?"

அந்தச் சொல்லை ரீச்சரின் வாயிலிருந்து கேட்பேன் என்று நான் நினைத்ததே இல்லை. அண்ணை கமராவைத் தூக்கித் தோளில் வைத்துக் கண்ணைப் பொருத்தினார். ரீச்சர் கதவைத் திறந்து உள்ளே போனா. வெறும் வீட்டுக்குள் அவாவின் சப்பாத்துச் சத்தம் குசினிக்குப் போனது, அறைக்குப் போனது, பல்கனியில் போய் நின்றது. நெடுநேரத்துக்குப் பிறகு வெளியே வந்து பூட்டினா. படியடியில் நின்று திரும்பிப் பார்த்தா. மாதக்கணக்காக இந்த மனிசன் கெஞ்சிக் கேட்ட அதே பார்வை.

"நல்லாயிருந்தது ரீச்சர்," என்றார் அண்ணை. "இன்னொருக்கா."

ரீச்சர் மறுபேச்சுப் பேசாமல் திரும்ப உள்ளே போனா. பிறகு இன்னொரு தரம். எத்தனை தரம் என்று நான் எண்ணவில்லை. கீழேயிருந்து வான் சாரதி ஹோனை அமத்தி, "மிஸ், பரக்கு வெனவா!" என்று கத்தத் தொடங்கினார். நேரம் போகுது என்பது அவருக்கு மட்டுமா தெரியும்? கடைசியில் ரீச்சரே, "சரி, இனிக் காணும்" என்று சொல்லி, சாவியை என் கையில் தந்துவிட்டு இறங்கிப் போனா.

வான் ஒழுங்கையால் திரும்பிக் காலி வீதியில் ஏறிய பிறகுதான் நான் வாய் திறந்தேன். "அண்ணை, லென்சில மூடி போட்டபடி இருந்தது."

"ஓம்."

"மறந்துபோனீங்களோ?"

"இல்லை."

"இவ்வளவு காலமும் அந்தப் பார்வைக்குத்தானே..."

"நடிச்சிருந்தா எடுத்திருப்பன், தங்கச்சி" என்றார். "அது நடிப்பு இல்லையே." மூக்கைச் சிந்தினார். "மீன்பெட்டி மூடி சரியா மணக்குது, அங்கால வையுங்கோ" என்று மேலே ஏறிப் போய்விட்டார்.

படம் முடிந்தது. வெள்ளவத்தையில் சின்ன மண்டபம் ஒன்றில் போட்டோம். காதலில் தொடங்கி, துப்பறிந்து, பேயாய் அலைந்து, கடைசியில் ஒரு தாயிடம் வந்து நின்ற படத்தைப் பார்க்கச் சனம் முதலில் சிரித்தது. நானாவை மீன்காரர்கள் தூக்கியபோது விசில் பறந்தது. நானா எழுந்து நின்று கும்பிட்டார். ஆனால் சாவியில் கைவைத்தபடி ரீச்சர் ரயிலுக்காக நின்ற அந்தக் காட்சியில் மண்டபத்தில் இருமல்கூடக் கேட்கவில்லை. அதன் மேல் வெள்ளை எழுத்தில் 'முற்றும்' வந்தது. நான் பக்கத்தில் பார்த்தேன். அண்ணை படத்தைப் பார்க்கவில்லை. அந்தச் சொல்லை மட்டும் வாய்க்குள் வாசித்துக்கொண்டிருந்தார்.

ரீச்சர் ரொறொன்ரோவிலிருந்து பார்த்துவிட்டு அழைத்தா. அண்ணை ஃபோனை எனக்கும் கேட்கும்படி வைத்தார்.

"தம்பி, படம் பரவாயில்லை. ஆனா நான் திரும்பிப் பாத்ததுகள் எங்க? அத்தினை தரம் செய்தனே?"

நான் அண்ணையைப் பார்த்தேன். இத்தாலியோ எங்கோ இருக்கும் நடுவர்களுக்கே உண்மையை எழுதிப் போட்ட மனிசன் இப்போது என்ன சொல்லப்போகிறார்?

"அதுகளில உங்கட நடிப்பு எனக்குச் சரிவரேல்லை, ரீச்சர்" என்றார் அண்ணை. "வெட்டிப்போட்டன்."

அந்தப் பக்கத்தில் ரீச்சரின் பழைய வகுப்பறைக் குரல்: "அதுதானே! பூட்டின கதவை ஒருத்தியும் திரும்பிப் பாக்கமாட்டாள் எண்டு நான் அப்பவே உமக்குச் சொன்னனான் எல்லோ!"

"ஓம் ரீச்சர். நீங்கள் சொன்னது சரி."

இப்போது புதுப் படத்துக்குக் கதை எழுதுகிறார். முழுநீளச் சிரிப்புப் படமாம். போன கிழமை லிப்ட் வாசலில் மறித்து, "தங்கச்சி, ஒரு சாவு இருக்கு, உங்களைத்தான் யோசிச்சு வச்சிருக்கிறன்" என்றார்.

எனக்கும் கனடாவில் ஒரு அண்ணன் இருக்கிறான். இங்கே தனிய இருந்து என்ன செய்கிறாய், வா வா என்று ஒவ்வொரு ஞாயிறும் கூப்பிடுகிறான். குளிர் ஒத்துவராது, வேலை இருக்கிறது, மொழி வராது என்று எத்தனையோ காரணம் சொல்லிச் சமாளிக்கிறேன். உண்மைக் காரணத்தை மட்டும் அவனுக்குச் சொன்னதில்லை. சொன்னால் சிரிப்பான். அவ்வளவு தூரம் போய்விட்டால், என்னை இன்னொருக்கா சாகச் சொல்ல அங்கே எனக்கு யார் இருக்கிறார்கள்?